மாடி ஜன்னலில் யார்?

அத்தியாயம் பதினொன்று

சனிக்கிழமை தவறாமல் முடி வெட்டிக்கொள்ளப் போகும் வழுக்கைத் தலையரை நீங்கள் எங்கேனும் பார்த்ததுண்டா? அப்படி ஒருவரோடுதான் குடித்தனம் நடத்திக்கொண்டிருக்கிறோம் என்பது செக்கரம்மாவுக்குப் போன வாரம்தான் உறைத்தது.

உறைத்ததும் அவளுக்குக் கோபம் வரவில்லை, வெட்கம்தான் வந்தது. முப்பத்துநாலு வருஷம் ஓடும் ரயிலில் டிக்கெட் பரிசோதித்தவள்; செக்கரம்மா என்ற பட்டமே அதில் வந்ததுதான். அவள் பெட்டியில் கால் வைத்தால், டிக்கெட் வைத்திருப்பவர்களே சட்டைப் பையை இரண்டு தரம் தொட்டுப் பார்த்துக்கொள்வார்கள். ஒருமுறை அவள் கொட்டாவி விட்டதைப் பார்த்து ஒரு குடும்பமே எழுந்து நின்று குற்றத்தை ஒப்புக்கொண்டிருக்கிறது. பெர்த்துக்கு அடியில் மூட்டையோடு மூட்டையாகச் சுருண்டு கிடந்தவனை, மூட்டைக்கு எதற்கு விக்கல் என்று கேட்டு எழுப்பியவள். அப்பேர்ப்பட்டவளுக்கு, சொந்த வீட்டில், பக்கத்துத் தலையணையில், மொத்தம் பதினேழே முடியோடு இருக்கும் ஒரு தலை வாராவாரம் சலூனுக்குப் போய் வருவது கண்ணில் படாமல் போயிற்றே.

படாததற்குக் காரணம் உண்டு. சனிக்கிழமை காலை அவள் முழங்கால் பயிற்சிக்குப் போய்விடுவாள். போன வாரம் பயிற்சி கொடுப்பவருக்கே இடுப்புப் பிடித்துக்கொண்டதால் வீட்டில் இருந்தாள். கணவர், சனிக்கிழமை வழக்கம் என்று சொல்லி முடி வெட்டிக்கொள்ளக் கிளம்பினார். பதினோரு மணிக்கு வாசலில் ஒலிபெருக்கிச் சத்தம் கேட்டது. மாடி ஜன்னலைத் திறந்து எட்டிப் பார்த்தாள். கீழே பத்துப் பதினைந்து பேர் அண்ணாந்து நின்றிருந்தார்கள். அவள் தலையைக் கண்டதும் கூட்டத்தில் ஒரு முனகல் எழுந்தது. நாலைந்து பேர் படம் எடுத்தார்கள். ஒரு அம்மாள் மூக்கைச் சிந்தி அழுதாள்.

செக்கரம்மாவைக் கண்டு அழுதவர்கள் சர்வீசில் ஆயிரம் பேர் உண்டு. சந்தோஷத்தில் அழுதது அந்த அம்மாள் ஒருத்திதான்.

பிரபலமான சினிமாக்கள் எடுத்த இடங்களை நடத்திக் கூட்டிப் போய்க் காட்டும் கூட்டமாம் அது. கதாநாயகி நின்ற ஜன்னலாம் இது. யாருடைய ஜன்னல், யார் நின்றது என்று கேட்க அவள் பதினேழு படிகளையும் இறங்கி வருவதற்குள், கூட்டம் தெருமுனை திரும்பிவிட்டது. அன்று சாயந்திரம் துவைக்கப் போட்ட கணவர் சட்டைப் பையில் ஈரத்தில் ஊறிய ஒரு அட்டை கிடைத்தது. அதில் அதே நடைப்பயணத்தின் பெயர், வழிகாட்டிப் பெண்ணின் நம்பர். கேட்டதற்கு, தெருவில் யாரோ கொடுத்தார்கள் என்றார். தெருவில் யார் எதை நீட்டினாலும் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நடக்கிற மனிதர் அவர்.

அவரைத் தெருவில் மருந்துக்காரர் என்பார்கள். நாற்பது வருஷம் மருந்துக்கடை வைத்திருந்ததில், பேச்சையும் மாத்திரை மாதிரியே எண்ணிக் கொடுக்கப் பழகிவிட்டார். காலையில் ஒன்று, மாலையில் ஒன்று, தேவைப்பட்டால் ராத்திரி ஒன்று.

இந்த அட்டை மட்டும் வேறு ஏதாவது வாரத்தில் கிடைத்திருந்தால் அவள் இத்தனை குடைந்திருக்க மாட்டாள். இந்தச் சனிக்கிழமை நாலு மணிக்கு வீட்டை விற்கக் கையெழுத்து. வாங்குகிறவர் இடித்துவிட்டு அடுக்குமாடி கட்டப் போகிறார். அதற்குப் பதிலாக மகள் பார்த்து வைத்திருப்பது தரைத்தளத்தில் ஒரு சின்ன வீடு. படி என்ற பேச்சே கிடையாது. வாசற்படிகூடத் தரையோடு தரை. செக்கரம்மாவின் முழங்கால்கள் இரண்டும் இப்போது படி ஏறும்போது ஒன்றோடொன்று சத்தமாகப் பேசிக்கொள்கின்றன. வலது சொல்வதை இடது மறுக்கிறது. டாக்டர் கையை விரித்துவிட்டார். அந்தத் தரைத்தள வீடுதான் அவளுக்கு சொர்க்கம், வைகுண்டம் எல்லாம். நாலு மணிக்குக் கையெழுத்து ஆகாவிட்டால் அதற்கும் அடுத்த ஆள் காத்திருக்கிறார்.

வீடு இருவர் பெயரிலும் இருக்கிறது. கணவர் விற்க மாட்டேன் என்று ஒரு நாளும் சொல்லவில்லை. சரி என்றும் சொல்லவில்லை. தலையை ஆட்டினார், அது எந்தப் பக்கம் ஆடியது என்பதில்தான் சிக்கல்.

ஆக, செக்கரம்மா முடிவுக்கு வந்துவிட்டாள். மனிதர் வெளியில் வாயைத் திறக்காமல், உள்ளே சதி செய்கிறார். வீட்டைப் புகழ் பெற்ற வீடாக்கிவிட்டால், இடிக்கக் கூடாது என்று ஊரே கொடி பிடிக்கும். அவள் பதினேழு படியிலேயே கிடந்து சாக வேண்டும். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவர்களைப் பார்த்திருக்கிறாள். இவர் முழு வீட்டையே சினிமாவில் மறைக்கிறார்.

மகளிடம் போனில் சொன்னாள். மகள் செயற்கைப் பல் செய்யும் பட்டறையில் வேலை பார்க்கிறவள். யாருடைய சிரிப்பையும் அவ்வளவாக நம்ப மாட்டாள். அவளே அப்பாவுக்காகப் பரிந்து பேசினாள்.

“அப்பாவுக்கு அந்த அளவுக்கு மூளை ஓடாதும்மா. நீ பேசாம வீட்ல இரு. நாலு மணிக்கு நான் தரகரைக் கூட்டிட்டு வர்றேன்.”

பேசாமல் இருப்பதாவது. கண் ஆபரேஷனுக்குப் போட்ட கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, மகள் விட்டுப்போன அகலத் தொப்பியைக் கவிழ்த்துக்கொண்டு, சனிக்கிழமை காலை ஒன்பதரைக்கு, நடைப்பயணம் கிளம்பும் தபால் ஆபீஸ் வாசலில் நின்றாள் செக்கரம்மா. அந்த வேஷத்தில் அவளை யாருக்கும் அடையாளம் தெரியாது என்பது அவள் நம்பிக்கை. வழியில் மூன்று பேர் “என்ன செக்கரம்மா, வெயிலுக்குத் தொப்பியா?” என்று விசாரித்தார்கள் என்பதை அவள் கணக்கில் சேர்க்கவில்லை.

வழிகாட்டிப் பெண்ணுக்கு நாற்பது வயதிருக்கும். இடுப்பில் சின்ன ஒலிபெருக்கி, கையில் மடக்கிய சிவப்புக் குடை, தோளில் ஒரு டேப்லெட். ஒவ்வொரு இடத்திலும் டேப்லெட்டில் சினிமாக் காட்சியைக் காட்டி, அதை நிஜ இடத்துக்கு நேராகப் பிடித்து, இரண்டும் ஒன்றே என்று நிரூபிப்பாள். முதலில் தபால் ஆபீஸ் படிக்கட்டு. இங்கேதான் கதாநாயகன் சுடப்பட்டு உருண்டானாம். எல்லோரும் ‘அட’ என்றார்கள். செக்கரம்மா படிகளை எண்ணினாள். ஒன்பது. டேப்லெட்டில் அவன் உருண்டதை எண்ணினாள். இருபத்துமூன்று.

“ஒம்பது படியில இருபத்துமூணு படி எப்படி உருண்டான்?”

மூன்று தடவை உருட்டி ஒட்டியிருப்பார்கள் என்று வழிகாட்டி விளக்கினாள். செக்கரம்மா ‘ம்’ என்றாள். அந்த ஒரு ‘ம்’மில் ஒரு வழக்கே பதிவாகியிருந்தது.

இரும்புப் பாலத்துக்கு வந்தபோதுதான் அந்த விபரீதம். வழிகாட்டி வழக்கம்போல் குடை நுனியால் தலைகளை எண்ணினாள். இன்னொரு முறை எண்ணினாள். பதிவு செய்தவர்கள் பதினாலு பேர், தலைகள் பதினைந்து என்று சிரித்துக்கொண்டே சொன்னாள். பரவாயில்லை, யாராவது தெரியாமல் சேர்ந்திருப்பார்கள், நடக்கலாம் என்றாள்.

நடக்கலாமாவது. டிக்கெட் இல்லாத ஒரு தலை இருக்கிறது என்று காதில் விழுந்த பிறகு செக்கரம்மாவை நடக்கச் சொல்வது, எரியும் வீட்டை விட்டுவிட்டுத் தீயணைப்பு வண்டியைக் கிளம்பச் சொல்வது போல. ரிட்டயர் ஆகி எட்டு வருஷம் ஆகியும் ரத்தம் கொதித்தது. அதோடு, அந்தப் பதினைந்தாவது தலை நிச்சயம் கணவர் அனுப்பிய ஒற்றன். இல்லாவிட்டால் எதற்குக் கள்ளத்தனமாக வர வேண்டும்?

“நீ தள்ளும்மா. நான் பாத்துக்கறேன்.”

பாலத்தின் இந்த முனையில் தான் நின்றுகொண்டு, எல்லோரையும் கைப்பிடிச் சுவரோரம் வரிசையாக நிறுத்தினாள். ஏன் என்று ஒருவரும் கேட்கவில்லை. அந்தக் குரலுக்கு அப்படி ஒரு ராசி. போனில் வந்த டிக்கெட்டை எடுத்து நீட்டச் சொன்னாள். புதுசாகக் கல்யாணம் ஆன ஜோடி நீட்டியது. மூன்று அக்கா தங்கைகள் நீட்டினார்கள். வெள்ளைத் தாடிக்காரர் போனில் சார்ஜ் இல்லை என்றார்.

செக்கரம்மாவின் முகத்தில் ஒரு தெய்வீகக் களை வந்தது. சார்ஜ் இல்லை, பர்ஸ் திருட்டுப் போச்சு, டிக்கெட்டைக் குழந்தை தின்றுவிட்டது: இந்த மூன்று வேதங்களையும் அவள் கரைத்துக் குடித்தவள். எந்த ஊர், எப்போது பதிவு செய்தீர், எந்தப் படம் பிடிக்கும், அந்தப் படத்தில் மூன்றாவது பாட்டு எங்கே எடுத்தது என்று பதினெட்டுக் கேள்வி கேட்டாள். தாடிக்காரருக்கு வியர்த்ததில் பாலத்துக்குக் கீழே நீர்மட்டம் உயர்ந்தது. கடைசியில் அவர் மனைவி கைப்பையிலிருந்து இருவர் டிக்கெட்டையும் எடுத்துக் காட்டினாள்.

பதினாலு டிக்கெட்டும் சரி. எல்லாத் தலைக்கும் டிக்கெட் இருக்கிறது. ஆனாலும் தலை பதினைந்து. செக்கரம்மா மறுபடி முதலிலிருந்து எண்ணப் போனாள்.

புதுப்பெண்தான் தயங்கித் தயங்கிக் கேட்டாள்.

“ஆன்ட்டி, உங்க டிக்கெட்?”

செக்கரம்மாவின் கை கைப்பைக்குள் போய் வெறுமையாகத் திரும்பியது.

முப்பத்துநாலு வருஷம். எத்தனையோ லட்சம் மைல். ஒரு பெட்டியில் எத்தனை பேர் என்று கேட்டால், தன்னை விட்டுவிட்டு மற்றவர்களை எண்ணியே பழகியவள். டிக்கெட் என்பது மற்றவர்கள் வாங்குகிற ஒரு பொருள். அவள் ஏறுவாள், இறங்குவாள், அவ்வளவுதான். அன்று காலையிலும் தொப்பியை மாட்டினாள், கூட்டத்தில் ஏறிக்கொண்டாள். வாங்க வேண்டும் என்ற நினைப்பே அவளுக்குத் தோன்றவில்லை.

வழிகாட்டி, நீங்க பெரியவங்க, சும்மா வாங்க என்றாள். அதைவிட ஒரு அவமானம் உண்டா? கட்டணத்தையும், மேலே அபராதத்தையும் வாங்கிக்கொண்டால்தான் அடுத்த அடி வைப்பேன் என்று செக்கரம்மா நின்றுவிட்டாள். எங்களிடம் அபராதம் கிடையாதே என்று அந்தப் பெண் கெஞ்சினாள். இன்றிலிருந்து உண்டு என்றாள் செக்கரம்மா. ரசீதும் எழுதி வாங்கினாள். அதற்குப் பிறகு தாடிக்காரர் அவள் பக்கத்திலேயே, மிகுந்த திருப்தியோடு நடந்து வந்தார்.

பதினோரு மணிக்குக் கூட்டம் அவள் தெருவுக்குள் நுழைந்தது.

சொந்த வீட்டை அண்ணாந்து பார்ப்பது ஒரு விசித்திரமான அனுபவம். மாடி ஜன்னலில் அவள் காயப்போட்ட கால்மிதி தொங்கிக்கொண்டிருந்தது. வழிகாட்டி குரலை இறக்கினாள். முப்பது வருஷத்துக்கு முந்தைய படம் என்றாள். கப்பலுக்குப் போன கணவனுக்காக மனைவி காத்திருக்கிறாள். கப்பல் மூழ்கிவிட்டது அவளுக்குத் தெரியாது. கடைசிக் காட்சி முழுக்க இந்த ஜன்னல்தான். போன சித்திரை வரைக்கும் இதைத் தப்பாக அடுத்த தெருவில் காட்டிக்கொண்டிருந்ததாகவும், ஒரு பெரியவர் ஒருநாள் கூட வந்து திருத்தியதாகவும் சொன்னாள்.

பெரியவர் யார் என்று செக்கரம்மா கேட்கவில்லை. கேட்க வேண்டியதில்லை. பிடி கிடைத்துவிட்டது.

எதிர்ச் சாரியில் தெருமுனை சலூன். கண்ணாடிக் கதவுக்கு உள்ளே, கழுத்துவரை வெள்ளைத் துணி போர்த்தி, ஒரு வழுக்கைத் தலை நாற்காலியில் இருந்தது. சலூன்காரர் கத்திரிக்கோலைக் காற்றில் கிளிக் கிளிக் என்று அடித்துக்கொண்டிருந்தார். வெட்ட ஒன்றும் இல்லாததால் காற்றைத்தான் வெட்ட முடியும். தலை அசையவில்லை. எதிரே இருந்த பெரிய கண்ணாடியில் அது பார்த்துக்கொண்டிருந்தது தன்னை அல்ல. தெருவை. ஜன்னலை அண்ணாந்து பார்க்கும் ஜனங்களை.

போய்ச் சட்டையைப் பிடிக்கலாம் என்று ஒரு அடி வைத்தாள். அதற்குள் டேப்லெட்டில் காட்சி ஓடத் தொடங்கிவிட்டது.

வெட்டி ஒட்டாத மூலச் சுருளாம்; முதலில் படப்பிடிப்பில் தட்டும் கிளாப் பலகை வந்தது. அதில் காட்சியின் எண்ணும், எடுத்த தேதியும். பிறகு அந்த ஜன்னல். சாயங்கால வெளிச்சம். தலையைச் சுற்றி நீலச் சால்வை போர்த்திய ஓர் உருவம். முகம் பாதி நிழலில். ஒரு கை ஜன்னல் விளிம்பில். அந்தக் கையின் விரல்கள் மரத்தின்மேல் மெல்ல எதையோ ஒதுக்கின. ஒன்று, இரண்டு, மூன்று, நாலு, ஐந்து, ஒரு தள்ளல். மறுபடி ஐந்து; ஒரு தள்ளல்.

“அந்த விரலைப் பாருங்க,” என்றாள் வழிகாட்டி, கிசுகிசுப்பாக. “புருஷன் போன நாளை எண்ணுறா. இந்த விரலைப் பத்தி மட்டும் மூணு பேர் கட்டுரை எழுதியிருக்காங்க.”

தாடிக்காரரின் மனைவி அழுதாள். புதுப்பெண் புதுமாப்பிள்ளையின் தோளில் சாய்ந்தாள். செக்கரம்மா மட்டும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினாள்.

நாளா? அந்த விரல் நாளை எண்ணவில்லை. மாத்திரையை எண்ணியது. தட்டில் கொட்டி, ஐந்து ஐந்தாக ஒதுக்கி, டப்பாவில் தள்ளும் கை. சாப்பாட்டு மேஜையில், கட்டில் சட்டத்தில், அவள் கோபத்தில் பேசாமல் இருக்கும் நாட்களில் நாற்காலியின் கைப்பிடியில் என்று முப்பத்தெட்டு வருஷமாக அவள் பார்த்துப் பார்த்துச் சலித்த விரல்கள்.

ஊரையே அழவைத்த அந்தப் பதிவிரதை, அவள் புருஷன்.

“கடைசியைக் கவனிங்க,” என்றாள் வழிகாட்டி. “கதைத் தாள்ல இது இல்லவே இல்லையாம்.”

நீலச் சால்வை உருவம் திடீரென்று கீழே தெருவில் எதையோ பார்த்தது. உடம்பே மலர்ந்தது. கை உயர்ந்து ஆடியது, வந்துட்டியா என்பது போல. காட்சி முடிந்தது.

செக்கரம்மா கூட்டத்தைப் பிளந்துகொண்டு தெருவைக் கடந்தாள். சலூன் கதவைத் தள்ளினாள். பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்தாள். கண்ணாடியில் இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். கழுத்தில் துணி கட்டியிருந்ததால் மனிதரால் ஓட முடியவில்லை.

“பாத்துட்டியா?” என்றார் மருந்துக்காரர்.

“பதினாலு பேரோட பாத்தேன்.”

அதற்குப் பிறகு அவர் பேசியது, அவர் வழக்கப்படி ஒரு மாத டோஸ். அவர்கள் இருவரும் இங்கே குடிவந்த இரண்டாம் வருஷமாம். படம் எடுக்க ஜன்னலைக் கேட்டு சினிமாக்காரர்கள் வந்தார்களாம். கதாநாயகிக்குக் காய்ச்சல், வெளிச்சம் போய்க்கொண்டிருந்தது. தூரத்திலிருந்து எடுப்பதுதானே, சால்வையைப் போர்த்தி யாராவது ஒல்லியாக ஒருவர் நின்றால் போதும் என்றார்களாம். அப்போது அவர் அப்படி ஒல்லி; பக்கவாட்டில் திரும்பினால் ஆளே தெரியாது. முதலில் வெட்கத்தில் சொல்லவில்லை. அப்புறம் ஜனங்கள் அழுகிறார்கள் என்று தெரிந்ததும் சொல்ல வாய் வரவில்லை. வழிகாட்டிப் பெண் வேறு ஜன்னலைக் காட்டிக்கொண்டிருந்தாள் என்று கேள்விப்பட்டபோதுதான் பொறுக்கவில்லை. தப்பான சீட்டு ஒட்டிய பாட்டிலைக் கடையில் ஒரு நிமிஷம் விட்டுவைத்தவரில்லை அவர். ஜன்னலைச் சொன்னார். ஆளைச் சொல்லவில்லை.

“வீட்டு விலைப்பேச்சைக் கெடுக்கத்தானே இதெல்லாம்?”

“இல்ல. இடிக்கறதுக்கு முன்னாடி நாலு பேர் பாத்துட்டுப் போகட்டும்னு.”

“நம்பச் சொல்றீங்களா?”

அவர் கண்ணாடியையே பார்த்துக்கொண்டிருந்தார். வெளியே கூட்டம் இன்னும் ஜன்னலைப் படம் எடுத்துக்கொண்டிருந்தது.

“நடிக்கல்லாம் வேணாம்னாங்க. வர வேண்டிய ஆளுக்காக ஜன்னல்ல நிக்கிற மாதிரி நில்லுங்க, போதும்னாங்க. நீ வண்டி ஏறிப் போற நாளெல்லாம் நான் செய்ற வேலைதானே அது. சும்மா நின்னேன்.”

கத்திரிக்கோல் கிளிக்குவதை நிறுத்திவிட்டது. சலூன்காரர் ஏதோ தேடுவது போல் இழுப்பறையைத் திறந்து அதற்குள் தலையை விட்டுக்கொண்டார். செக்கரம்மாவின் நெஞ்சு இளகியது. கொஞ்ச நஞ்சமில்லை, ஒரு முழு ஸ்டேஷன் தூரம் இளகியது. கையை நீட்டி அந்த வெள்ளைத் துணிக்கு மேலாக அவர் முழங்கையைத் தொடக்கூடப் போனாள்.

தொடவில்லை. பாதி வழியில் அந்தப் பலகையின் தேதி கண்முன் வந்து நின்றது.

அந்தத் தேதியை அவளால் மறக்க முடியாது. ஒரே பெட்டியில் நாற்பத்தோரு பேரை டிக்கெட் இல்லாமல் பிடித்த நாள். பாராட்டுச் சான்றிதழில் அச்சடித்து, சட்டம் போட்டு, கூடத்தில் மாட்டியிருக்கிறது. அன்று சாயங்காலம் அவள் ரயிலில் ஏதோ ஒரு பாலத்தின்மேல் போய்க்கொண்டிருந்தாள். வீடு வந்து சேர்ந்தது மறுநாள் மத்தியானம்.

“அன்னிக்கு நான் ஊர்லயே இல்ல,” என்றாள். “வந்துட்டியான்னு யாருக்குக் கை காட்டினீங்க?”

மருந்துக்காரர் சலூன்காரர் பக்கம் திரும்பி, “பின்னாடி இன்னும் கொஞ்சம் குறைங்க,” என்றார்.

பின்னாடி குறைக்க அங்கே என்ன இருக்கிறது?

சாப்பாட்டு நேரத்தில் கேட்டாள். தலை ஆடியது, எந்தப் பக்கம் என்று புரியவில்லை. இரண்டு மணிக்குக் கேட்டாள். குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். மூன்று மணிக்குக் கேட்டபோது, அது சும்மா கை, தானாகத் தூக்கிக்கொண்டது என்றார். தானாகத் தூக்கிய கை! அவசரச் சங்கிலியை இழுத்தவர்கள் எல்லோரும் அவளிடம் அதையேதான் சொல்லியிருக்கிறார்கள்.

நாலு மணிக்கு ஐந்து நிமிஷம் இருக்கும்போது மகள் தரகரோடு வந்தாள். சாப்பாட்டு மேஜையைத் துடைத்துக் காகிதங்களைப் பரப்பினார்கள். தரகர் வாய் நிறையப் பேசினார். தரைத்தள வீட்டுக்காரர் போனைக் கையில் வைத்துக்கொண்டே காத்திருக்கிறார், நாலரைக்குள் சொல்லிவிட்டால் சாவி இன்றே என்றார். செக்கரம்மாவின் முழங்கால்கள் இரண்டும் முதன்முறையாக ஒரே கருத்துக்கு வந்து, போடு போடு என்றன.

முதலில் மருந்துக்காரரிடம் பேனாவைக் கொடுத்தார்கள். அவர் எங்கே தயங்குவார், எங்கே கை நடுங்கும் என்று அவள் கண்கொட்டாமல் பார்த்தாள். அவர் ஒரு நொடி யோசிக்கவில்லை. ஒன்பது இடத்திலும் முழுக் கையெழுத்து. மருந்துச் சீட்டு மாதிரி கிறுக்கலாக இல்லாமல், வாழ்க்கையில் முதல் தடவையாகப் படிக்கும்படி இருந்தது.

அப்படியானால் வீட்டைக் காப்பாற்றுவதற்காக அவர் எதையும் செய்யவில்லை. காலையிலிருந்து அவள் கட்டிய சந்தேகக் கோட்டை பொலபொலவென்று உதிர்ந்தது. உதிர்ந்த இடத்தில் இன்னொன்று எழும்பியது. அது அதைவிடப் பெரியது. வீட்டை விற்க ஆட்சேபணை இல்லாத மனிதர், ஒரு கை அசைவைச் சொல்ல மட்டும் ஏன் இவ்வளவு பயப்படுகிறார்?

பேனா அவளிடம் வந்தது. தரகர் காகிதத்தில் கையெழுத்துப் போட வேண்டிய இடத்தை விரலால் காட்டினார். அவள் பேனா முனையை அங்கே வைத்தாள். வைத்தபடியே கேட்டாள்.

“யாருக்குக் கை காட்டினீங்க?”

தரகர் தனக்குத்தான் கேள்வி என்று நினைத்து விழித்தார்.

“அம்மா, நாலரை ஆகப் போகுது,” என்றாள் மகள்.

“உன்னைக் கேக்கல.”

மருந்துக்காரர் கைகளை மேஜைக்கு அடியில் இறக்கிக்கொண்டார்.

“கையெழுத்தைப் போடு. புது வீட்டுக்குப் போனதும் சொல்றேன்.”

“ஊர் போய்ச் சேந்தப்புறம் டிக்கெட்டைக் காட்டறேன்னு சொன்னவங்களை நான் எங்க இறக்கி விட்டிருக்கேன்னு தெரியுமா உங்களுக்கு?”

அவள் குரல் உயரவில்லை. பேனாவை மூடினாள். தரகரின் பேனா என்பதையும் மறந்து, தன் கைப்பைக்குள் போட்டாள். இவர் சொன்ன பிறகு வாருங்கள் என்று தரகரிடம் சொன்னாள். முழங்கால்கள் இரண்டும் ஒரே குரலில் ஓலமிட்டன. அந்த வீடு போய்விடும் என்பது அவளுக்குத் தெரியும். படியில்லாத வீடு, தரையோடு தரையான வாசல் எல்லாம் போய்விடும். போகட்டும். அந்த ஜன்னல் இடிந்துவிட்டால் அப்புறம் யாரிடம் போய் என்ன கேட்பது?

தரகர் போனை எடுத்துக்கொண்டு வாசலுக்கு ஓடினார். அவள், பதில் வருமா என்று கணவர் முகத்தைப் பார்த்தாள். மருந்துக்காரர் அவளைப் பார்க்கவில்லை. மகளைப் பார்த்தார்.

ஒரே ஒரு நொடி. மகள் சட்டென்று காகிதங்களை அடுக்கக் குனிந்துகொண்டாள். ஆறு வயதில் எதையாவது உடைத்துவிட்டுக் குனிவாளே, அதே குனிவு.

செக்கரம்மாவுக்கு அந்தப் பார்வை தெரியும். ஒருவரை ஒருவர் தெரியாதது போல எதிரெதிர் சீட்டில் உட்கார்ந்து, ஒரே பொய்யில் பயணம் செய்கிற இரண்டு பேர், பரிசோதகர் வரும்போது மட்டும் பார்த்துக்கொள்கிற பார்வை அது.

அவள் நாற்காலியை இழுத்து, மகளுக்கு நேர் எதிரே போட்டு உட்கார்ந்தாள்.